ஏவும் முன் எழுவோம்

ஹிஜ்ரி 6ஆம் ஆண்டு. உம்றாவுக்காகப் புறப்பட்ட முஸ்லிம்கள் அவ்வாண்டு மக்காவுக்குள் நுழையாமலே திரும்ப வேண்டும் என ஹுதைபிய்யா உடன்படிக்கை கூறியது. பலிப்பிராணிகளை அறுத்துத் தலைமுடி களையுமாறு நபி (ஸல்) அவர்கள் மூன்று முறை கூறியும், கவலையில் ஆழ்ந்திருந்த ஸஹாபாக்கள் எழவில்லை. நபியவர்கள் தம் மனைவி உம்மு ஸலமா (ரழி) அவர்களிடம் இதனைக் கூறினார்கள். யாரிடமும் பேசாமல் தாங்களே முதலில் அதைச் செய்யுங்கள் என அவர் ஆலோசனை வழங்கினார். நபியவர்கள் அவ்வாறே செய்தார்கள், அனைவரும் எழுந்தனர்.

சென்ற தவணை, வகுப்பறையைக் கூட்டும்படி மாணவத் தலைவியான நான் எத்தனையோ தடவை சத்தமிட்டேன். ஒருவரும் அசையவில்லை. தங்கைமார் மீது முறைப்பாடு செய்தேன். இப்போது நினைத்தால் வெட்கமாக இருக்கிறது. தும்புத்தடி என் பக்கத்தில்தான் இருந்தது.

நல்ல ஆலோசனையைச் செவிமடுப்பதும், ஏவுவதைத் தானே முதலில் செய்வதும் தலைமைத்துவத்தின் அழகாகும்.