சாங்கியிலிருந்து திரும்பிய கேப்டன்

சாங்கி என்றதும் நமக்கு விமான நிலையம்தான் ஞாபகம் வரும். வில்ஃப் வூலர் அங்கே போர்க்கைதியாக இருந்தவர்.

வேல்ஸ்காரர். 1935, 1936-இல் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்துக்கு கிரிக்கெட் ஆடினார். ரக்பியில் வேல்ஸ் அணிக்கே ஆடினார். போரில் பீரங்கிப் படை அதிகாரி. விமான எதிர்ப்புப் பீரங்கிகளோடு ஜாவாவுக்குப் போனார்கள். 1942 மார்ச்சில் ஜாவா ஜப்பானியரிடம் விழுந்தது. பிறகு மூன்றரை வருஷம் சிறை.

ஒரு செமஸ்டர் வீணானாலே வாழ்க்கை போச்சு என்று புலம்புகிற என்ஜினியரிங் மாணவன் நான். அவருக்கு 29 முதல் 32 வயது வரை போய்விட்டது; விளையாட்டுக்காரனுக்கு அதுதானே நல்ல வயசு!

1947-இல் கிளமோர்கன் அணிக்குக் கேப்டன் ஆனார். பெரிய நட்சத்திரங்கள் குறைவு. அதனால் கேட்ச் பிடித்தே ஜெயிக்கப் பார்த்தார். ஹெல்மெட் இல்லாத காலம் அது. பேட்ஸ்மேனுக்கு மிகப் பக்கத்தில், பந்து மேலே பாயும் இடத்தில், மற்றவர்களை மட்டும் நிறுத்தாமல் தானும் போய் நின்றார். எனக்குப் பிடித்தது இதுதான். (கோபக்காரர், வாய் கொஞ்சம் காரம். அது வேற கதை.)

1921-இல் கவுண்டி சாம்பியன்ஷிப்பில் சேர்ந்த அணி, 1948-இல்தான் முதல்முறையாக அதை வென்றது. கேப்டனுக்கு அப்போது வயது 35.