நிலைப்பொருளும் பாடவேறுபாடும்

ஒரு நூலின் சுவடிகள் பலவற்றை ஒப்புநோக்குங்கால் பாடவேறுபாடுகள் புலப்படும். அவற்றுள் சிறந்த பாடத்தைத் தேர்ந்துகொள்வது பதிப்பாசிரியர் கடன். பழைய மின்னணு விளையாட்டுகளைக் காக்கும் முயற்சியிலும் இத்தகைய ஒப்புநோக்கு இன்றியமையாததாகும். சோனி நிறுவனத்தின் பிளேஸ்டேஷன் கருவியை இதற்குச் சான்றாகக் கொள்ளலாம்.

1994 டிசம்பர் 3 அன்று ஜப்பானில் வெளிவந்த இக்கருவியினுள் 512 கிலோபைட் கொள்ளளவுள்ள சில்லு ஒன்று உண்டு. அதில் பொறிக்கப்பட்ட நிரலே 'பயாஸ்' என்னும் நிலைப்பொருள். மின்சாரம் பாய்ந்தவுடன் முதற்கண் இயங்குவது இதுவே. குறுந்தகட்டைப் படித்தல், ஆட்டநிலையைச் சேமித்தல் முதலிய பணிகளுக்கு விளையாட்டு நிரல்கள் இதன் துணையை நாடுகின்றன.

சுவடிகளில் வேறுபாடு பெரும்பாலும் படியெடுத்தோரால் நேர்வது. இங்கோ ஆக்கியோரே திருத்தினர். முதற் கருவியில் 1.0 ஆக இருந்த பதிப்பு, பின்வந்த கருவிகளில் 2.2, 3.0, 4.1 என வளர்ந்தது. ஜப்பான், அமெரிக்கா, ஐரோப்பா என மண்டலந்தோறும் வேறுபாடுகளும் உண்டு.

பழைய கருவியின் செயலைப் புதிய கணிப்பொறியில் நிகழ்த்திக் காட்டும் மென்பொருளே எமுலேட்டர். அது மூல பயாஸின் படியைக் கொண்டு இயங்கலாம். அல்லது அதன் பணிகளைத் தானே புதிதாக எழுதிக்கொள்ளலாம். ஆயின், சில விளையாட்டுகள் நினைவகத்தில் ஏற்றப்பட்ட பயாஸின் பகுதிகளையே தம் தேவைக்கேற்ப மாற்றிக்கொள்கின்றன. பணியை மட்டும் ஒத்துச் செய்யும் மாற்று நிரல் அவ்விடத்தில் தடுமாறக்கூடும். எனவேதான் எமுலேட்டர்கள், கோப்பின் உள்ளடக்கத்திலிருந்து கணிக்கப்படும் சரிபார்ப்பு எண்ணைக்கொண்டு, அது எப்பதிப்பு, பழுதற்றதா என்று அறிகின்றன. ஓர் எழுத்து பிறழினும் அவ்வெண் மாறிவிடும்.

உரிமை பற்றிய வினாவும் ஈண்டு எழுகிறது. கனெக்டிக்ஸ் நிறுவனம் 1999இல் தன் எமுலேட்டரை வெளியிட்டபோது சோனி வழக்குத் தொடுத்தது. பயாஸைப் படியெடுத்து ஆராய்ந்து, அதன் நிரலைச் சேர்க்காமல் சொந்த நிரல் எழுதியது நியாயமான பயன்பாடே என்று அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் 2000 பிப்ரவரி 10 அன்று தீர்ப்பளித்தது. ஆராய்தற்கு இசைவளித்த அத்தீர்ப்பு, மூல பயாஸைப் படியெடுத்து எல்லோர்க்கும் வழங்க இசைவளித்ததாகாது.

பழங்கருவிகள் நாளடைவில் பழுதுறும். இறுதிப் பதிப்பொன்றே போதுமென மற்றவற்றைக் கைவிட்டால், முதற்கருவியில் அவ்விளையாட்டுகள் இயங்கிய முறை அறியவொண்ணாததாகிவிடும். ஆகவே ஒவ்வொரு பதிப்பையும் கருவி எண், மண்டலம், சரிபார்ப்பு எண் ஆகியவற்றுடன் குறித்துக் காத்தல் வேண்டும். பிறர் உழைப்பில் விளைந்த பொருள் அமானிதம். அதனைச் சிதையாமல் காப்பதும் உரிமை மீறாமல் பயன்கொள்வதும் ஆய்வு மாணவர்தம் இரு கடமைகளாம்.