சோதனைப் பதிப்பில் கடைக் கணக்கு

ஒரு மென்பொருள் விற்பனைக்கு வருமுன், அதிலுள்ள பிழைகளைப் பாவனையாளர் மூலம் கண்டறிவதற்காக வெளியிடப்படுவதே 'பீட்டா' எனும் சோதனைப் பதிப்பாகும். இலவசமாகக் கிடைப்பதால் நம் வியாபாரிகள் சிலர் அதனை அன்பளிப்பாகவே கருதிவிடுகின்றனர். நானும் ஒருகாலத்தில் அப்படித்தான் எண்ணினேன்.

2006 மே மாதம் மைக்ரோசொப்ட் நிறுவனம் ஒபிஸ் 2007இன் இரண்டாவது பீட்டாவை வெளியிட்டது. அதிலிருந்த எக்ஸெல்லைத் திறந்தபோது பழைய மெனுக்களைக் காணவில்லை. கட்டளைகள் எல்லாம் மேலே அகன்ற பட்டையொன்றில் இருந்தன. பழகச் சில நாட்கள் சென்றாலும் பயன் இருந்தது. முன்னர் ஒரு தாளில் 65,536 வரிகளே இருந்தன, புதியதில் 1,048,576. இருப்பின் அளவுக்கேற்பக் கலத்துக்குள்ளேயே நிறக்கோடு நீண்டும் குறுகியும் தெரிந்தது. எந்தச் சாமான் முடியப்போகிறது என்பதை ஒரே பார்வையில் கண்டுகொள்ளலாம்.

ஆனால் கோப்பின் வடிவமும் மாறியிருந்தது. நான் அனுப்பிய இருப்புக் கணக்கை, பழைய எக்ஸெல் வைத்திருந்த கணக்காளரால் திறக்க முடியவில்லை. சேமிக்கும்போது பழைய வடிவத்தைத் தெரிவு செய்திருந்தால் அந்த அலைச்சல் இல்லை.

இதைவிடப் பெரிய விடயம் பின்னர்தான் தெரியவந்தது. பீட்டா முடிந்து, மென்பொருள் விற்பனைக்கும் வந்துவிட்ட 2007 செப்டெம்பரில், 850ஐ 77.1ஆல் பெருக்கினால் எக்ஸெல் 2007 ஒரு இலட்சம் என்று காட்டுவது கண்டுபிடிக்கப்பட்டது. சரியான விடை 65,535. அடுத்த மாதமே திருத்தம் வந்தது.

வியாபாரி இதனைக் கவனமாக விளங்கிக்கொள்ள வேண்டும். உள்ளே இருந்த பெறுமதி சரியானது. திரையில் தெரிந்ததே பிழை. 77 ரூபா 10 சதம் வீதம் 850 சாமான்கள் இருந்தன என்று வைத்துக்கொள்வோம். அந்தக் கலத்தையே இணைத்து ஸகாத்துக்கான 2.5 வீதத்தைக் கணித்தால் சுமார் 1,638 ரூபா எனச் சரியாக வரும். திரையில் தெரிந்த தொகையைக் கொப்பியில் எழுதிக் கணித்தவருக்கோ 2,500 வரும். வங்கிக்கோ பங்காளிக்கோ கொடுக்கும் கணக்கிலும் இதே நிலைதான்.

இப்போது புதிய பதிப்பு எதுவாயினும் கடைக் கணினியில் நான் ஏற்றுவதில்லை. பீட்டாவுக்குக் காலக்கெடுவும் உண்டு. அது முடிந்தால் நடுவழியில் நிற்க வேண்டிவரும். வேறொரு கணினியில், முடிந்துபோன ஒரு மாதத்தின் கணக்கைப் பிரதியெடுத்துப் போட்டு, இரு பதிப்புகளின் மொத்தத்தையும் ஒப்பிடுகிறேன். பெரிய தொகைகள் சிலவற்றை மட்டும் கல்குலேட்டரிலும் தட்டிப் பார்க்கிறேன். அரை மணித்தியாலம் போதும்.