பெட்டியடியிலிருந்து தொடங்குங்கள்

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை இரண்டு பிள்ளைகள் வீட்டுக்கு வந்தார்கள். இருவரும் என்னிடம் எட்டாம் வகுப்பில் மட்டை பிடிக்கக் கற்றவர்கள். ஒருத்தி மாநிலப் போட்டி வரை போனவள். மற்றவன் பல்கலைக்கழக அணிக்கு ஆடியவன். இப்போது முழங்காலில் பட்டி போட்டுக்கொண்டு நடக்கிறான். "ஆடினது போதும் சார். பேட்மிண்டன் சங்கத்து வேலைக்கு வரலாமென்று இருக்கிறோம்" என்றார்கள். காபி ஆறுவதற்குள் பதில் சொல்லிவிடலாம் என்று ஆரம்பித்தேன். மத்தியானச் சாப்பாடு வரை இழுத்துவிட்டது. அதையே வரிசை போட்டு எழுதுகிறேன். காரைக்குடியில் ஷட்டில் ஆடுகிற மற்றப் பிள்ளைகளுக்கும் பயன்படட்டும்.

1. முதலில் குணாளன் யாரென்று தெரிந்துகொள்ளுங்கள்.

பி.வி. சிந்து எந்த வருஷம் எந்தப் பதக்கம் வாங்கினார் என்று தூக்கத்தில் கேட்டாலும் சொல்கிறீர்கள். இந்தப் பெயரைச் சொன்னால் விழிக்கிறீர்கள். மலேசியாவின் சிரம்பானில் 1944-இல் பிறந்த தமிழர். பஞ்சாச்சரன் குணாளன் என்பது முழுப்பெயர். பேட்மிண்டன் உலகம் 'பஞ்ச்' குணாளன் என்றே கூப்பிட்டது. 1970-இல் எடின்பரோ காமன்வெல்த் போட்டியில் இங் பூன் பீயோடு சேர்ந்து இரட்டையர் தங்கம். அதே வருஷம் பாங்காக் ஆசிய விளையாட்டில் ஒற்றையர், இரட்டையர் இரண்டிலும் தங்கம். 1971-இல் அதே ஜோடிக்கு ஆல் இங்கிலாந்து பட்டம். 1974-இல் கிறைஸ்ட்சர்ச்சில் காமன்வெல்த் ஒற்றையர் தங்கம். அந்த ஆண்டே ஆல் இங்கிலாந்து ஒற்றையர் இறுதியில் ரூடி ஹார்டோனோவிடம் தோல்வி.

இதோடு முடிந்திருந்தால் சுவரில் மாட்டிய படமாக இருந்திருப்பார். ஆடி முடித்தவர் பயிற்சி, நிர்வாகம் என்று படிப்படியாக ஏறி, உலகக் கூட்டமைப்பின் துணைத் தலைவர் வரை போனார். செல்டன்ஹாமில் இருந்த அதன் தலைமையகம் 2005-இல் கோலாலம்பூருக்கு வந்தது அவர் காலத்தில்தான். நீங்கள் எண்ணிப் பழகிய 21 புள்ளியும், 2007-இல் தொடங்கிய சூப்பர் சீரிஸ் போட்டிகளும் அவர் மேசையைத் தாண்டி வந்தவையே. வட்டிக்கடை வைக்க நம் ஊர்க்காரர்கள் கப்பலேறிப் போன அதே மலாயாவிலிருந்து ஒரு தமிழர் இந்த விளையாட்டுக்கே சட்டம் எழுதினார். நம் பாடப்புத்தகத்தில் அவரைப் பற்றி ஒரு பத்தி வரலாம்.

2. பெட்டியடிப் பையனாக வாருங்கள்.

எங்கள் ஐயா, அதாவது அப்பாவைப் பெற்றவர், பதினாலு வயதில் மலாயாவுக்குப் போனவர். வட்டிக்கடைக் கிட்டங்கியில் முதல் வேலை பெட்டியடிப் பையன். கூட்டுவது, தண்ணீர் எடுத்து வைப்பது, கணக்குப் பெட்டிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து சாயங்காலம் காசை எண்ணி அடுக்குவது. அப்புறம் அடுத்தாள். மேலாள் ஆகப் பல வருஷம் பிடித்தது. முதலாளி வீட்டுப் பிள்ளையே போனாலும் பெட்டியடியில்தான் உட்கார வைப்பார்களாம். காசை எண்ணாத கைக்குப் பேரேட்டைக் கொடுக்கக் கூடாது என்பார் ஐயா.

சாம்பியனாக இருந்தவன் சங்கத்துக்குள் நுழையும்போது நேரே செயலாளர் நாற்காலியைப் பார்க்கிறான். நான் சொல்வது: முதல் இரண்டு வருஷம் வலை கட்டு. தரை துடை. லைன் அம்பயராக உட்கார். ஸ்கோர் ஷீட் நிரப்பு. கடைசி ஆட்டம் முடிந்து, வெளியூர்ப் பிள்ளைகள் பஸ் ஏறிய பிறகு மண்டபத்தைப் பூட்டி, சாவியை வாட்ச்மேனிடம் கொடுத்துவிட்டுப் போ. கோப்பை வாங்கிய கையில் துடைப்பமா என்று யாராவது கேட்பார்கள். கேட்கட்டும்.

3. ஷட்டிலைச் சோதிக்கத் தெரியாதவர் போட்டி நடத்த வேண்டாம்.

இதைச் சின்ன விஷயம் என்று நினைக்கிறீர்கள். பின் எல்லைக் கோட்டில் நின்று, கீழ்க்கையால் முழு வீச்சில், பக்கக் கோட்டுக்கு இணையாக ஒரு ஷட்டிலை அடியுங்கள். எதிர்ப்பக்கப் பின் கோட்டுக்கு 53 சென்டிமீட்டர் முதல் 99 சென்டிமீட்டர் வரை முன்னால் அது விழ வேண்டும். அதற்கு முன்னாலோ பின்னாலோ விழுந்தால் டப்பாவை மூடிவிடுங்கள்.

நம் ஊர் மே மாத வெயிலில் காற்று லேசாகி ஷட்டில் பறக்கும். மலை ஊரிலும் அப்படித்தான். அதனால் கோடைக்கு வேகம் குறைந்த எண் உள்ள டப்பா வேண்டும். 77 வாங்கும் இடத்தில் 76, 75. விலை ஒன்றுதான். ஆனால் யாரும் யோசிக்காமல் போன வருஷம் மிஞ்சியதை எடுத்து வைப்பார்கள். இங்குள்ள காய்ந்த காற்றில் வாத்திறகு மொரமொரவென்று ஆகி, நாலு ஸ்மாஷுக்குள் முறிந்துவிடும். முந்தின நாள் டப்பாவின் இரண்டு மூடியையும் திறந்து லேசாக ஆவி காட்டி வைப்பது பழைய ஆட்டக்காரர்களின் வழக்கம். அதைச் செய்யச் சம்பளம் வாங்குகிற ஆள் சங்கத்தில் கிடையாது. நீங்கள்தான் செய்ய வேண்டும். தலைவரானாலும்.

4. விதி எழுதுகிறவன் அதில் தோற்கப் போகிறவனை நினைக்க வேண்டும்.

இதைக் கொஞ்சம் நீட்டித்தான் சொல்வேன். நான் ஆடிய காலத்தில் சர்வீஸ் போடுகிறவனுக்கு மட்டுமே புள்ளி. ஆண்களுக்கு 15, பெண்கள் ஒற்றையருக்கு 11. சர்வீஸ் கை மாறிக்கொண்டே இருக்கும், புள்ளி நகராது. இரண்டு பேருக்கும் மூச்சு வாங்கும், பலகையில் மூன்றுக்கு நாலு என்றே நிற்கும். ஆட்டம் அரை மணியில் முடியுமா, ஒன்றரை மணி ஆகுமா என்று யாருக்கும் தெரியாது. தொலைக்காட்சிக்காரர்கள் இதை எப்படி வாங்குவார்கள்?

இடையில் ஏழு புள்ளி, ஐந்து கேம் என்று ஒரு சோதனை நடந்தது. ஒட்டவில்லை, பழைய முறைக்கே திரும்பினார்கள். 2006-இல் யார் சர்வீஸ் போட்டாலும் புள்ளி என்ற 21 வந்தது. பழைய ஆட்டக்காரர்கள் பலர் முகம் சுளித்தார்கள். நானும்தான். பொறுமையாக எதிராளியைக் கரைக்கிற கலை போய்விடும் என்று புலம்பினேன். பத்து வருஷம் போட்டி நடத்திய பிறகு வாயை மூடிக்கொண்டேன். காலையில் தொடங்குகிற போட்டி ராத்திரிக்குள் முடிகிறது. வெளியூர்ப் பிள்ளை கடைசி பஸ்ஸைப் பிடிக்கிறது. 15 புள்ளியில் ஆல் இங்கிலாந்து வென்ற ஒருவர் அந்த முறையையே மாற்றும் மேசையில் உட்கார்ந்திருந்தார் என்பதை யோசித்துப் பாருங்கள். தனக்குப் பட்டம் கொடுத்த ஏணி அது.

இதற்கு மறுபக்கமும் உண்டு. 2012 லண்டன் ஒலிம்பிக்கில் இரட்டையருக்குப் புதிதாகப் பிரிவுச் சுற்று வைத்தார்கள். பிரிவில் கடைசி ஆட்டத்தில் தோற்றால் அடுத்த சுற்றுகளில் சுலபமான வழி கிடைக்கும் என்ற நிலை வந்தது. பெண்கள் இரட்டையரில் இரண்டு பக்கமும் வேண்டுமென்றே வலையில் அடித்தார்கள். கொரிய ஜோடிகள் இரண்டு, சீன ஜோடி ஒன்று, இந்தோனேசிய ஜோடி ஒன்று என எட்டுப் பேரை ஆகஸ்டு 1 அன்று வெளியேற்றினார்கள். பிள்ளைகள் செய்தது தப்பு. அந்த அட்டவணையைப் போட்டவர்கள் என்ன செய்தார்கள்? தோற்றால் லாபம் என்று ஒரு வாசலைத் திறந்து வைத்துவிட்டு, நுழைந்தவரைப் பிடித்தார்கள். பின்னால் பிரிவில் இரண்டாவதாக வரும் ஜோடிகளுக்குத் தனியாகக் குலுக்கல் வைத்துச் சரி செய்தார்கள். டிரா போடும்போது ஒவ்வொரு கட்டத்திலும் கேட்டுக்கொள்ளுங்கள்: இங்கே தோற்பதால் யாருக்காவது ஆதாயம் உண்டா?

5. ஐந்தொகை, அதாவது வரவு செலவுக் கணக்கு.

நம் ஊரில் இதை யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. ஆனாலும் சொல்கிறேன், ஏனென்றால் ஒரு முறை பட்டேன். பல வருஷம் முன்பு ஒரு போட்டிக்குப் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு போனேன். பயணப்படி கொடுத்ததாகக் கையெழுத்து வாங்கிக்கொண்டார்கள், பணம் வரவில்லை. எட்டுப் பிள்ளைகளுக்கும் என் சட்டைப்பையிலிருந்து டிக்கெட் எடுத்தேன். கேட்டால், ரசீதில் என் கையெழுத்து இருக்கிறது என்று காட்டினார்கள். அன்றிலிருந்து பணம் கைக்கு வந்து எண்ணி முடிக்காமல் எதிலும் கையெழுத்துப் போடுவதில்லை. நீங்கள் கொடுக்கிற இடத்தில் உட்காரும்போது இதை மறக்காதீர்கள். நுழைவுக் கட்டணம், ஸ்பான்சர் பணம், ஷட்டில் செலவு எல்லாவற்றையும் போட்டி முடிந்த ஒரு வாரத்துக்குள் நோட்டீஸ் பலகையில் ஒட்டுங்கள்.

6. பிறந்த தேதி.

13 வயதுக்குட்பட்டோர் பிரிவில் மீசை முளைத்த பையன் வந்து நிற்பான். கையில் சான்றிதழ் சரியாக இருக்கும். அப்பாவும் பக்கத்தில் நிற்பார், தெரிந்தவராகக்கூட இருப்பார். சலுகை காட்டாதீர்கள். தோற்றுப் போகிற உண்மையான பன்னிரண்டு வயதுப் பிள்ளை அடுத்த வருஷம் மட்டையைத் தொடாது.

7. உங்கள் சிஷ்யனை நீங்களே தேர்ந்தெடுக்காதீர்கள்.

நான் செய்திருக்கிறேன். தேர்வுக் குழுவில் உட்கார்ந்து, நான் பயிற்சி கொடுத்த பையனை நாலாவது இடத்துக்குத் தூக்கினேன். தகுதி இருந்தது என்று இன்றும் நம்புகிறேன். ஆனால் ஐந்தாவதாக நின்ற பிள்ளையின் அம்மா என்னைப் பார்த்த பார்வை ஞாபகம் இருக்கிறது. தகுதி இருந்தாலும் எழுந்து வெளியே போயிருக்க வேண்டும்.

8. சண்டை வந்தால்.

வரும். பிரகாஷ் படுகோனை எடுத்துக்கொள்ளுங்கள். 1971 முதல் 1979 வரை தொடர்ந்து ஒன்பது முறை தேசியச் சாம்பியன். 1980-இல் ஆல் இங்கிலாந்து வென்ற முதல் இந்தியர். 1997-இல் தேசியச் சங்கத்தின் நிர்வாகம் சரியில்லை என்று தனிக் கூட்டமைப்பு தொடங்கிய அணிக்கு அவர்தான் முன்னால் நின்றார். பிறகு சமரசமானது. அதற்குள் அவர் கையில் வேறு வேலை இருந்தது: 1994-இல் விமல் குமாரோடு பெங்களூரில் தொடங்கிய பயிற்சிக் கூடம். 2001-இல் பில்லியர்ட்ஸ் சாம்பியன் கீத் சேத்தியோடு சேர்ந்து, ஒலிம்பிக்குக்குப் போகிறவர்களுக்குக் கைகொடுக்க ஓர் அறக்கட்டளையும் ஆரம்பித்தார். நான் பார்த்த சங்கச் சண்டைகளில் முக்கால்வாசி, வேறு வேலை இல்லாதவர்கள் போட்டவை. காலையில் நாற்பது பிள்ளைகளுக்குப் பயிற்சி கொடுத்துவிட்டு வருகிறவர் கூட்டத்தில் சுருக்கமாகப் பேசுவார்.

9. மண்டபத்து வாசற்படியைப் பாருங்கள்.

2024 பாரீஸ் பாராலிம்பிக்கில் தமிழ்நாட்டுப் பெண்கள் மூன்று பேர் பேட்மிண்டனில் பதக்கம் வாங்கினார்கள். துளசிமதி முருகேசனுக்கு வெள்ளி. மனிஷா ராமதாஸ், நித்யஸ்ரீ சிவன் இருவருக்கும் வெண்கலம். பாராட்டுக் கூட்டம் போட்டோம், மாலை போட்டோம். சக்கர நாற்காலியில் ஒரு பிள்ளை விளையாட வந்தால் உள்ளே ஏற்றிவிட நாலு பேரைக் கூப்பிடுகிற மண்டபத்தில்தான் அந்தக் கூட்டம் நடந்தது. செட்டிநாட்டு வீடுகளில் திண்ணை உயரம் ஒரு அழகு. விளையாட்டு மண்டபத்துக்குச் சாய்தளம் வேண்டும். பெண் பிள்ளைகள் உடை மாற்றத் தாழ்ப்பாள் உள்ள அறை வேண்டும். 2025-இல் வந்த தேசிய விளையாட்டு ஆளுகைச் சட்டம் தேசியச் சங்கங்களின் செயற்குழுவில் பெண்களுக்கும் ஆட்டக்காரர்களுக்கும் இடம் ஒதுக்கச் சொல்கிறது. அந்த இடத்தில் உட்காரப்போகிற பெண், போன மாதம் என் வீட்டுக்கு வந்தவளாகவும் இருக்கலாம். அவள் முதல் கூட்டத்தில் தாழ்ப்பாளைப் பற்றிப் பேச வேண்டும்.

10. நாற்காலி.

உலகக் கூட்டமைப்பில் குணாளனுக்கும் தலைவருக்கும் ஒத்துப்போகவில்லை; 2008-இல் குணாளன் விலகினார். 2012 ஆகஸ்டு 15 அன்று, 68 வயதில் புற்றுநோயால் காலமானார். லண்டனில் அந்த எட்டுப் பேர் வெளியேற்றப்பட்டு இரண்டு வாரம்தான் ஆகியிருந்தது. நாற்காலி போனது; அவர் காலத்தில் வந்த தலைமையகம் இன்றும் கோலாலம்பூரில் இருக்கிறது.

அடுத்த சனி, ஞாயிறு பள்ளிப் பிள்ளைகளுக்கு ஒரு சின்னப் போட்டி வைத்திருக்கிறோம். நாலு கோர்ட்டுக்கும் வலை கட்ட வேண்டும், டப்பா திறந்து ஷட்டில் பார்க்க வேண்டும். காலை ஐந்தரைக்கு வந்துவிடுங்கள். சாவி என்னிடம் இருக்கிறது.