அளந்து பேசிய குரல்

முன்னுரை

மேடையில் நீளப் பேசுவோரே சொல்வல்லார் என்னும் எண்ணம் மாணவரிடையே பரவலாக உண்டு. அவ்வெண்ணம் பொருந்துமா என்பதை, அமெரிக்க விளையாட்டு வருணனையாளர் பேட் சம்மராலின் (1930–2013) வாழ்வைக் கொண்டு இக்கட்டுரையில் ஆராய்வோம்.

உதைவீரர்

அமெரிக்கக் கால்பந்தில் நீள்வடிவப் பந்தைக் கையில் ஏந்தி ஓடுவதும் எறிவதுமே மிகுதி. எனினும், குறுக்குச் சட்டத்திற்கு மேலே இரு கம்பங்களுக்கிடையே பந்தை உதைத்துச் செலுத்தினால் மூன்று புள்ளிகள் கிடைக்கும். உதைவீரரின் பணி ஓரிரு நொடிகளில் முடிந்துவிடும். அந்நொடியிலேயே வெற்றியும் தோல்வியும் முடிவாவதுண்டு.

புளோரிடா மாநிலத்தில் பிறந்த சம்மராலின் வலது பாதம் பிறவியிலேயே பின்னோக்கித் திரும்பியிருந்தது. மருத்துவர் எலும்பை முறித்து அதனை நேராக்கினார். அக்காலே பின்னாளில் அவருக்குப் புகழ் தேடித் தந்தது. 1958 டிசம்பர் 14 அன்று நியூயார்க்கில் கொட்டும் பனியில், ஜயண்ட்ஸ் அணிக்காக அவர் ஆடினார். கிளீவ்லாந்து பிரௌன்ஸ் அணியுடன் ஆட்டம் 10–10 எனச் சமநிலையில் நின்றது. சற்று முன்னர்தான் அவர் உதைத்த பந்து இலக்குத் தவறியிருந்தது. மீண்டும் வாய்ப்பளிக்கப்பட்டபோது 49 கஜத் தொலைவிலிருந்து உதைத்தார், ஜயண்ட்ஸ் வென்றது.

வருணனையாளர்

1961ஆம் ஆண்டுடன் ஆட்டத்தை விடுத்தவர் சி.பி.எஸ். நிறுவனத்தில் ஒலிபரப்புப் பணியேற்றார். பந்து யாரிடம், எத்தனை கஜம் என்பதைச் சில சொற்களில் உரைத்து அமைவார். காட்சியே பேசும்போது தாம் பேசுவது மிகை என உணர்ந்திருந்தார். 1981 முதல் அவருடன் இணைந்த முன்னாள் பயிற்சியாளர் ஜான் மேடன், ஆர்ப்பரித்து விளக்கும் இயல்பினர். சம்மராலின் சுருக்கம் அவருக்கு இடம் விட்டது. இவ்விணை இருபதாண்டுகளுக்கு மேல் நிலைத்தது.

சொல்லின் வலிமை

சொல்லில் அளவறிந்தவர் மதுவில் அளவிழந்தார் என்பதை நாம் மறைத்தல் தகாது. 1992இல் குடும்பத்தாரும் நண்பரும் கூடி அவரை இடித்துரைத்தனர். தந்தையின் பெயரைத் தாங்குவதற்கு நாணுவதாக மகள் எழுதிய கடிதம் அங்கே வாசிக்கப்பட்டது. கோடிக்கணக்கானோர் கேட்ட குரலுக்குரியவர் அன்று கேட்பவராக அமர்ந்தார். சிகிச்சைக்கு இசைந்து மதுவைக் கைவிட்டார். எனினும் அதன் விளைவு தொடர்ந்தது. 2004இல் அவருக்கு மாற்றுக் கல்லீரல் பொருத்த நேர்ந்தது.

முடிவுரை

2002 பிப்ரவரி 3 அன்று சூப்பர் பௌல் இறுதிப் போட்டியை அவர் கடைசியாக வருணித்தார். அதன் இறுதி நொடிகளில் ஆடம் வினாட்டியேரி 48 கஜத் தொலைவிலிருந்து உதைத்து நியூ இங்கிலாந்து அணியை வெற்றிபெறச் செய்தார். அந்நொடியின் அருமையை வருணித்தவரினும் அறிந்தார் யார்? தம் பழைய உதையைப் பற்றி நீளப் பேச அவருக்கு உரிமை இருந்தது. ஆயினும் சில சொற்களே சொல்லி அப்பொழுதை வினாட்டியேரிக்கே விட்டார்.

நாவன்மை என்பது சொற்பெருக்கன்று. பிறர்க்குரிய இடத்தைப் பிறர்க்கு விடுதலும், நமக்குரிய சொல்லைச் செவிமடுத்தலும் அதனுள் அடங்கும். மேடையேறும் மாணவர் இதனை நெஞ்சிற் கொள்வாராக.