மூக்கிழந்த சிலைகள்

வரலாற்று நூலில் எகிப்தியச் சிலையொன்றின் படத்தைக் கண்ட மாணவி ஒருத்தி, "ஐயா, இதற்கு மூக்கு எங்கே?" என்று வினவினாள். கீழே விழுந்து உடைந்திருக்கும் என்று அருகில் இருந்த மாணவன் விடை கூறினான். முன்னே நீண்டிருக்கும் உறுப்பு முதலில் உடைவது இயல்புதானே? ஆயினும் அவ்விடை முழுமையானதன்று. சுவரில் தட்டையாகச் செதுக்கப்பட்ட புடைப்புருவங்கள் சிலவற்றிலும் மூக்கு மட்டும் கொத்தப்பட்டிருப்பதை ஆய்வாளர் கண்டனர். சுவரோடு ஒட்டிய உருவம் எங்கே விழப்போகிறது? யாரோ உளியெடுத்து, இடமறிந்து கொத்தியிருக்கிறார்கள்.

மாணவர்களே, மூக்கை மட்டும் கொத்தியது ஏன்? பண்டைய எகிப்தியர் சிலையை வெறுங்கல்லாகக் கருதவில்லை. இறந்தவரின் உயிராற்றல் அதில் வந்து தங்கும் என்றும், படைக்கும் உணவை ஏற்கும் என்றும் நம்பினர். சிலை மூச்சு விடவும் உண்ணவும் வேண்டி, 'வாய் திறத்தல்' என்னும் சடங்கைச் செய்தனர். நம் ஊர்க் கோயிற் சிலைகளுக்குச் சிற்பி இறுதியில் கண் திறப்பதைப் பற்றி உங்கள் பாட்டியிடம் கேட்டுப் பாருங்கள். மூச்சு விடும் சிலையின் மூக்கை உடைத்தால் அதன் மூச்சு நின்றுவிடும் அல்லவா? கல்லறையைக் கொள்ளையிட வந்தவர்கள், உள்ளே துயில்பவர் தம்மைப் பழிவாங்குவாரோ என்று அஞ்சி இவ்வாறு செய்திருக்கலாம் என்பர். வணங்கியவரைப் போலவே உடைத்தவரும் அச்சிலையின் ஆற்றலை நம்பியிருக்கிறார்!

உடைந்த சிலையைத் தமிழில் 'பின்னமான சிலை' என்பர். பொதுவாக அதனைப் பூசையில் வைப்பதில்லை. இந்தியில் கணக்குப் பயிலும்போது நீங்கள் சொல்லும் 'பின்ன்' என்பதற்கும் இதற்கும் வேர் ஒன்றே.

அச்சத்தால் உடைத்தவர் போலவே சினத்தால் உடைத்தவரும் உண்டு. பாரிஸ் நகரின் நோத்ருதாம் பேராலய முகப்பில் 28 அரசர்களின் சிலைகள் வரிசையாக நின்றன. பிரெஞ்சுப் புரட்சியாளர் மன்னர் பதினாறாம் லூயியின் தலையை வெட்டிய 1793ஆம் ஆண்டிலேயே அச்சிலைகளையும் இறக்கித் தலைகளைத் துண்டிக்கலாயினர். அவை பிரான்சை ஆண்ட மன்னர்களின் உருவங்கள் என்பது அவர்கள் எண்ணம். உண்மையில் அவை விவிலியத்தில் வரும் யூதா நாட்டு அரசர்களின் உருவங்கள். பிரான்சு மக்களின் பசிக்கும் வரிச்சுமைக்கும் அவ்வரசர்கள் என்ன செய்வார்கள், பாவம்! 1977இல் பாரிசில் ஒரு கட்டடத்தின் அடியில் தோண்டியபோது 21 தலைகள் வெளிப்பட்டன. பதின்மூன்றாம் நூற்றாண்டில் தீட்டிய வண்ணம் சில முகங்களில் அப்போதும் ஒட்டியிருந்தது. இன்று அவை அந்நகரின் குளூனி அருங்காட்சியகத்தில் உள்ளன.

ஆனால் சினம் கொண்டவர் எல்லாரும் ஆளை அறியாது சினந்தவரல்லர். சென்னை மவுண்ட் சாலையில் நீல் என்னும் ஆங்கிலேயப் படைத்தலைவரின் சிலை நின்றது. 1857ஆம் ஆண்டு எழுச்சியை ஒடுக்கியபோது அலகாபாத்திலும் கான்பூரிலும் இந்தியரைக் கொடுமையாகத் தூக்கிலிட்டவர் அவர். அத்தகையவரை அண்ணாந்து பார்த்தபடி நம் மக்கள் அச்சாலையில் அன்றாடம் நடந்தனர். 1927இல் அச்சிலையை அகற்றக் கோரித் தொண்டர்கள் போராடினர். சிலர் அதனைச் சுத்தியலால் தாக்கவும் செய்தனர். கடலூர் அஞ்சலை அம்மாள் சிறுமியான தம் மகளையும் அழைத்துவந்து போராடிச் சிறை சென்றார். அண்ணல் காந்தியடிகள் அச்சிறுமிக்கு லீலாவதி என்று பெயரிட்டார். பத்தாண்டுகள் கழிந்து, 1937இல் இராஜாஜியின் ஆட்சிக்காலத்தில் சிலை சாலையிலிருந்து அகற்றப்பட்டது. அது உடைத்து நொறுக்கப்படவில்லை. பின்னர் எழும்பூர் அருங்காட்சியகத்தைச் சேர்ந்தது. விடுமுறையில் சென்னைக்குச் செல்வோர் அங்கே அதனைத் தேடிக் காணலாம். சாலையில் நின்றபோது அச்சிலை மதிப்பைக் கோரியது. அருங்காட்சியகத்தில் சான்று கூறுகிறது என்பது என் கருத்து. உங்கள் கருத்து வேறாகவும் இருக்கலாம்.

அருஞ்சொற்பொருள்
புடைப்புருவம் – பின்புலத்திலிருந்து சற்றே எழும்பித் தோன்றுமாறு செதுக்கிய உருவம்
துயில்பவர் – உறங்குபவர்

எண்ணி விடை எழுதுக
1. மூக்கு தானாக உடையவில்லை என்பதற்குப் பாடம் காட்டும் சான்று யாது?
2. நோத்ருதாம் சிலைகளை உடைத்தோரிடம் நீங்கள் பேச முடிந்தால் என்ன கூறுவீர்கள்? உரையாடலாக எழுதுக.
3. நீல் சிலையை உடைத்திருக்க வேண்டுமா, காத்தது சரியா? சிறுமி லீலாவதியின் இடத்திலிருந்து ஒரு பத்தி எழுதுக.