மூன்று மாதமும் பணியிடை நீக்கமும்

சேர்வராயன் மலையில், கரடியூர் போன்ற ஒரு காப்பித் தோட்டத்துச் சிற்றூரில், கிராம உதவியாளரோ பள்ளி ஆசிரியரோ பணியிடை நீக்கம் செய்யப்பட்டார் என்றால், அந்த உத்தரவு சேலத்திலிருந்து இருபது கொண்டை ஊசி வளைவுகளையும் ஏறி அவர் கைக்கு வந்து சேருமுன்பே, “உத்தியோகம் போய்விட்டதாம்” என்ற பேச்சு தேநீர்க் கடைகளில் பரவி, அவர் குடும்பத்தார் தலைகுனிந்து நடக்கும் நிலை வந்துவிடுகிறது. போனது உத்தியோகமன்று. விசாரணை நடக்கும் காலத்தில் சாட்சிகளும் ஆவணங்களும் கெடாதிருக்கும்பொருட்டு ஊழியரை விலக்கிவைக்க, 1955ஆம் ஆண்டுத் தமிழ்நாடு குடிமைப் பணி விதிகளின் 17(உ) பிரிவு அரசுக்கு அளித்துள்ள அதிகாரம் அது. குற்றம் நிரூபணமாகிவிட்டது என்பது அதற்குப் பொருளன்று.

வீட்டிலிருந்தபடியே முழுச் சம்பளம் வாங்குகிறார் என்ற அபிப்பிராயமும் தவறானதே. கிடைப்பது பிழைப்பூதியம், தொடக்கத்தில் அது அரைச் சம்பள விடுப்பூதியத்தின் அளவும் அதற்குரிய அகவிலைப்படியுமே. அதையும் நிறுத்திவைத்தால் என்ன நேரும் என்பதைக் கோலார் தங்கவயலில் பாதுகாப்பு அலுவலராயிருந்த பால் அந்தோனியின் வழக்கு காட்டிற்று: பிழைப்பூதியம் இன்றி, கேரளத்திலிருந்து விசாரணைக்குச் சென்றுவரவும் வசதியற்றிருந்தவரை, வரவில்லை என்று சொல்லி ஒருதலையாக நடத்திய விசாரணை செல்லாதென்று 1999இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. மலையிலிருந்து இறங்கப் பேருந்துக் கட்டணத்துக்கும் கடன் கேட்க நேரும் ஒரு கடைநிலை ஊழியருக்கு இத்தீர்ப்பு எத்தகைய ஆதாரம் என்பதைச் சொல்ல வேண்டியதில்லை.

ஆனால் எல்லாவற்றினும் ஆழ வேரோடிய நம்பிக்கை, மூன்று மாதம் கழிந்தால் உத்தரவு தானாகவே காலாவதியாகிவிடும் என்பது. இதற்கு மூலம் 2015 பிப்ரவரி 16ஆம் நாள் அஜய்குமார் சௌத்ரி வழக்கில் உச்ச நீதிமன்ற நீதிபதிகள் விக்கிரமஜித் சென்னும் நாகப்பனும் வழங்கிய தீர்ப்பு. கைதானவரைக் குற்றப்பத்திரிகை இல்லாமல் குறித்த நாட்களுக்குமேல் காவலில் வைக்கலாகாது என்னும் குற்றவியல் சட்டத்தின் நியாயத்தையே இங்கும் பொருத்தி, குற்றச்சாட்டுக் குறிப்பாணை மூன்று மாதத்துக்குள் கொடுக்கப்படாவிடில் பணியிடை நீக்கம் நீடிக்கலாகாது என்றும், கொடுக்கப்பட்டுவிட்டால் நீட்டிப்பதற்குக் காரணங்காட்டி உத்தரவு பிறப்பித்தாக வேண்டும் என்றும் அவர்கள் வகுத்தனர். அத்தீர்ப்பைப் பெற்றுத்தந்த அதிகாரிக்கே அதனால் உடனடி விடுதலை கிட்டவில்லை; இடையில் அவருக்குக் குறிப்பாணை அளிக்கப்பட்டுவிட்டமையால், இவ்விதி அவருக்குப் பொருந்தாமற் போயிற்று. 2022இல் சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வும், மூன்று மாதம் முடிந்த மாத்திரத்தில் நீக்கம் தானே ரத்தாகிவிடாது, ஒவ்வொரு வழக்கையும் அதனதன் தன்மை நோக்கியே தீர்மானிக்க வேண்டும் என்று தெளிவுபடுத்தியது.

அப்படியானால் ஆண்டுக்கணக்காக வைத்திருக்கலாமா? அதுவுமில்லை. தமிழ்நாடு அரசுக்கும் பிரமோத்குமார் என்ற காவல்துறை உயரதிகாரிக்கும் நடந்த வழக்கில், ஆறு ஆண்டுகளைக் கடந்துவிட்ட நீக்கத்தை மேலும் நீட்டிப்பதால் பயனொன்றுமில்லை என்று கண்ட உச்ச நீதிமன்றம், வழக்கில் தலையிட வாய்ப்பில்லாத ஒரு பதவியில் அவரை அமர்த்திக்கொள்ள அரசுக்கு உரிமையுண்டு என்று 2018இல் கூறிற்று. கடைநிலை ஊழியருக்கு இத்தனை தூரம் வழக்காட வசதி ஏது என்பதே என் கவலை.

ஒரே மலையில் வாழ்வோர்க்குள்ளும் இவ்விஷயத்தில் பேதமுண்டு. ஏற்காட்டு அஞ்சலகத்து எழுத்தர் மத்திய அரசின் விதிகளுக்கு உட்பட்டவர். அவர் மீதான உத்தரவு தொண்ணூறு நாட்களுக்குள் மறுபரிசீலனை செய்து நீட்டிக்கப்படாவிடில் அவ்விதியின்படியே செல்லாததாகிறது. வட்டாட்சியர் அலுவலகத்து எழுத்தருக்கோ 17(உ) பிரிவில் அத்தகைய வரையறை இல்லாமையால், பரிசீலிக்குமாறு அவரே மனுச் செய்து, பதிலில்லையேல் நீதிமன்றத்தை நாட வேண்டியிருக்கிறது.

அறுபது வயது வந்தால் இந்த அவதி தீர்ந்துவிடும் என்று எண்ணியிருப்பவர்களும் உண்டு. பணியிடை நீக்கத்தில் உள்ளவரை வயது முதிர்வின்பேரில் ஓய்வுபெற அனுமதிக்காமல், விசாரணை முடிந்து இறுதி உத்தரவு வரும்வரை பணியிலேயே நிறுத்திவைக்கத் தமிழ்நாட்டு அடிப்படை விதி 56 இடந்தருகிறது. பிறந்தநாள் வந்து போகும், ஓய்வூதியம் வாராது.